சுங்குடி முடிச்சும் சிலிக்கான் முடிச்சும்

(இரண்டாம் ஆண்டு பி.எஸ்ஸி. வேதியியல் மாணவி, சேவுகம்பட்டி)

முன்னுரை

சென்ற கோடை விடுமுறையில் சின்னாளபட்டியில் என் சித்தி வீட்டில் பதினைந்து நாட்கள் தங்கியிருந்தேன். சித்தி சுங்குடிச் சேலைக்கு முடிச்சுப் போடுபவர். வெள்ளைத் துணியில் புள்ளி வைத்த இடத்தை நகத்தால் கிள்ளி எடுத்து, நூலால் இறுகச் சுற்றி, அடுத்த புள்ளிக்குப் போவார். ஒரு சேலைக்கு ஆயிரக்கணக்கான முடிச்சுகள்! சாயத் தொட்டியில் முக்கி எடுத்துக் காய்ந்த பிறகு, இரண்டு பேர் எதிரெதிரே நின்று சேலையைப் பிடித்து இழுத்தால் முடிச்சுகள் படபடவென்று தெறித்து அவிழும். முடிச்சு இருந்த இடங்களில் சாயம் ஏறாமல், இரவு வானத்து விண்மீன்களைப் போல வெள்ளைப் புள்ளிகள் பூத்திருக்கும்.

நானும் சில முடிச்சுகள் போட்டேன். சித்தி பார்த்துவிட்டுச் சிரித்தார். "முடிச்சு இளகலா இருந்தா சாயம் உள்ள போயிரும், ரொம்ப இறுக்கிட்டா அவுக்கும்போது துணி கிழிஞ்சிரும். ரெண்டுக்கும் நடுவுல இருக்கணும்டி" என்றார். அவர் ஐந்தாம் வகுப்போடு படிப்பை நிறுத்தியவர். ஆனால் கரிம வேதியியலில் ஒரு முழுப் பாடத்தின் சாரத்தை அவர் ஒரே மூச்சில் சொல்லிவிட்டார் என்பது, சில மாதங்கள் கழித்து நம் துறைக் கருத்தரங்கில் நான் வாயடைத்து நின்றபோதுதான் எனக்கு விளங்கியது. அந்தப் பாடத்தையும், நான் வாயடைத்த கதையையும் நண்பர்களோடு பகிர்ந்துகொள்வதே இக்கட்டுரையின் நோக்கம்.

காப்பு எதற்கு?

கிரினார்டு வினைபொருளை நாம் அனைவரும் அறிவோம். அதைக் கண்டறிந்த விக்டர் கிரினார்டுக்கு 1912-ஆம் ஆண்டு நோபல் பரிசு கிடைத்தது. ஆல்கைல் புரோமைடை உலர்ந்த ஈதரில் மக்னீசியத்துடன் வினைபுரியச் செய்தால் அது கிடைக்கும். 'உலர்ந்த' என்ற சொல்லை ஆசிரியர்கள் ஏன் மும்முறை அழுத்திச் சொல்கிறார்கள்? ஒரு துளி நீர் இருந்தாலும், நீரிலுள்ள ஆக்சிஜனோடு இணைந்த ஹைட்ரஜனைப் பறித்துக்கொண்டு கிரினார்டு வினைபொருள் அழிந்துவிடும்.

இப்போது ஒரு சிக்கலை எண்ணிப் பாருங்கள். ஒரு மூலக்கூறின் ஒரு முனையில் புரோமின். மறுமுனையில் ஹைட்ராக்சில் தொகுதி. புரோமின் முனையில் கிரினார்டு வினைபொருளைச் செய்ய விரும்புகிறோம். செய்த கணமே மறுமுனையிலுள்ள ஹைட்ராக்சில் அதை அழித்துவிடும். பகை வெளியில் இல்லை, வீட்டுக்குள்ளேயே இருக்கிறது! நீரை வடித்துவிடலாம். தன் சொந்தக் கையை மூலக்கூறு எங்கே வடித்துவிடும்?

இதற்கு வேதியியலார் கண்ட வழிதான் காப்புத் தொகுதி. முதலில் ஹைட்ராக்சிலின் ஹைட்ரஜனை நீக்கி, அந்த இடத்தில் வினைபுரியாத வேறொரு தொகுதியைக் கட்டிவிடுகிறார்கள். பிறகு மறுமுனையில் வேண்டிய வினையை நடத்துகிறார்கள். எல்லாம் முடிந்தபின் கட்டியதை அவிழ்த்துப் பழைய ஹைட்ராக்சிலை மீட்கிறார்கள். கட்டுவது, சாயம் ஏற்றுவது, அவிழ்ப்பது என்னும் சுங்குடியின் மூன்று படிகளும் இங்கே அப்படியே இருக்கின்றன அன்றோ?

சிலிக்கான் ஏன்?

கட்டுவதற்குப் பல தொகுதிகள் உண்டு. அவற்றுள் சிலிக்கானை நடுவில் கொண்டவை தனிச் சிறப்பு வாய்ந்தவை. சிலிக்கான் நமக்குப் புதியதன்று. நாம் மிதிக்கும் மணலில் ஆக்சிஜனோடு கைகோத்து இருப்பது அதுவே. புவி மேலோட்டில் ஆக்சிஜனுக்கு அடுத்தபடியாக மிகுந்திருக்கும் தனிமம் அது. தனிம வரிசை அட்டவணையில் கார்பனுக்கு நேர் கீழே அமர்ந்திருக்கிறது. ஆகவே அதற்கும் நான்கு கைகள்.

எனினும் தம்பிக்கும் அண்ணனுக்கும் குணத்தில் வேறுபாடு உண்டு. சிலிக்கான் ஆக்சிஜனை மிக விரும்பும். அவ்விரண்டின் பிணைப்பை முறிக்க ஒரு மோலுக்கு ஏறத்தாழ 450 கிலோ ஜூல் ஆற்றல் தேவை; கார்பன்–ஆக்சிஜன் பிணைப்புக்கு ஏறத்தாழ 360 போதும். ஆகவே ஹைட்ராக்சிலின் ஆக்சிஜனைப் பற்றிக்கொள் என்றால் சிலிக்கான் தயங்குவதில்லை.

மற்றொரு வேறுபாடு அளவில். கார்பன்–கார்பன் பிணைப்பின் நீளம் 1.54 ஆங்ஸ்ட்ராம்; சிலிக்கான்–கார்பன் பிணைப்போ ஏறத்தாழ 1.87 ஆங்ஸ்ட்ராம். சிலிக்கானின் கைகள் நீளமானவை. மூவிணைய கார்பனில் இரு மூலக்கூற்றுப் பதிலீட்டு வினை நடப்பதில்லை என்று படித்திருக்கிறோம். மூன்று தொகுதிகள் வழியை அடைத்துக்கொள்வதே காரணம். சிலிக்கானில் மூன்று தொகுதிகள் இருந்தாலும் நீண்ட கைகளுக்கிடையே சிறிது சந்து இருக்கிறது; நான்கு கைகளோடு ஐந்தாவதாக ஒன்றைத் தற்காலிகமாக ஏற்கவும் அதனால் இயலும். ஆகவே கட்டவும் முடிகிறது, அவிழ்க்கவும் முடிகிறது. அந்தச் சந்தை எவ்வளவு அடைப்பது, எவ்வளவு திறந்து வைப்பது என்பதில்தான் கலை இருக்கிறது.

இளகிய முடிச்சு

சிலிக்கானின் ஒரு கை ஆக்சிஜனைப் பற்றியிருக்கும். மீதி மூன்று கைகளிலும் மெத்தில் தொகுதிகளை வைத்தால் கிடைப்பது டிரைமெத்தில் சிலைல். கட்டுவது மிக எளிது. ஆனால் மெத்தில் மிகச் சிறியது. சிறிது அமிலம் கலந்த நீர் பட்டாலே முடிச்சு கழன்றுவிடும். ஒரு வினை முடிந்தபின் நீரில் கழுவிப் பிரிப்பது ஆய்வகத்தில் அன்றாட வேலை. அந்தக் கழுவலிலேயே காப்பு போய்விட்டால், பத்துப் படிகள் கொண்ட தொகுப்பை எப்படி முடிப்பது? சித்தி சொன்ன இளகிய முடிச்சு இதுவே. சாயம் உள்ளே போய்விடும்.

1972-ஆம் ஆண்டு

இதற்குத் தீர்வு சொன்ன கட்டுரை 1972-ஆம் ஆண்டு அமெரிக்க வேதியியல் சங்க இதழில் வெளிவந்தது. எழுதியவர்கள் இருவர். ஒருவர் ஹார்வர்டு பல்கலைக்கழகத்தின் ஈ.ஜே. கோரி, கரிமத் தொகுப்பு முறைகளுக்காக 1990-ஆம் ஆண்டு நோபல் பரிசு பெற்றவர். மற்றவர் ஏ. வெங்கடேஸ்வர்லு. பெயரைப் படித்தவுடன் நான் நிமிர்ந்து உட்கார்ந்தேன். நம் அண்டை வீட்டுத் தெலுங்குப் பெயர்! உலகெங்கும் கரிம வேதியியல் ஆய்வகங்களில் கையாளப்படும் ஒரு முறையின் தலைப்பில், நம் பக்கத்துப் பெயர் ஒன்று அச்சேறியிருக்கிறது.

அவர்கள் செய்த மாற்றம் கேட்பதற்கு மிகச் சிறியது. மூன்று மெத்தில்களில் ஒன்றை எடுத்துவிட்டு, அங்கே மூவிணைய பியூட்டைல் தொகுதியை வைத்தார்கள். கிடைத்தது மூவிணைய பியூட்டைல் டைமெத்தில் சிலைல். அதன் குளோரைடை இமிடசோலுடன் சேர்த்து, டைமெத்தில் ஃபார்மமைடு கரைப்பானில் ஆல்கஹாலோடு கலந்தால் முடிச்சு விழுந்துவிடும். இந்தக் காப்பு, பழைய மூன்று மெத்தில் காப்பைவிட நீராற்பகுப்பை ஏறத்தாழ 10,000 மடங்கு தாங்கியது. ஒரு மெத்திலை மாற்றியதற்குப் பத்தாயிரம் மடங்கு பலன்!

இத்தொகுதியை முதன்முதலில் கையாண்டவர்கள் இவர்கள் அல்லர். 1968-லேயே ஸ்டார்க், ஹட்லிக் என்னும் இருவர் வேறொரு வகைச் சேர்மங்களில் இதைப் பயன்படுத்தியிருந்தார்கள். ஆனால் எளிதாகக் கட்டும் முறையையும், எளிதாக அவிழ்க்கும் முறையையும் சேர்த்துக் கொடுத்து, ஆல்கஹால்களுக்கு அன்றாடக் கருவியாக்கியது 1972-ஆம் ஆண்டுக் கட்டுரையே.

பருமனின் பயன்

ஒரு தொகுதி பருமனாக இருந்தால் ஏன் இவ்வளவு வலிமை? எங்கள் ஊர்த் திருவிழா ஒன்றைச் சொன்னால் விளங்கும்.

சேவுகம்பட்டியில் தைப்பொங்கலை ஒட்டிச் சோலைமலை அழகர் பெருமாள் கோயிலில் வாழைப்பழம் சூறைவிடும் விழா நடக்கும். நேர்த்திக்கடன் செலுத்துவோர் கூடை கூடையாகப் பழங்களைக் கொண்டுவந்து வீசுவார்கள். பழத்தைப் பிடிக்கக் கூட்டம் முண்டியடிக்கும். நான் சிறுமியாக இருந்தபோது ஒருமுறைகூடப் பழம் பிடித்ததில்லை. என் கண் முன்னே பழம் விழும். ஆனால் தோள் விரித்து நிற்கும் மூன்று பெரியவர்களைத் தாண்டிக் கை நீட்ட முடியாது. அவர்கள் என்னைத் தள்ளவில்லை, அடிக்கவில்லை. சும்மா நின்றார்கள். நின்ற இடமே தடையாயிற்று.

இதைத்தான் வேதியியலில் கொள்ளிடத் தடை என்கிறோம். மூவிணைய பியூட்டைலில் ஒரு கார்பனைச் சுற்றி மூன்று மெத்தில்கள் தோள் விரித்து நிற்கின்றன. நீர் மூலக்கூறு சிலிக்கானை நெருங்க முயன்றால் வழி இல்லை. மின்சுமையால் விரட்டுவதோ வினைபுரிந்து அழிப்பதோ இங்கு இல்லை. இடத்தை அடைத்துக்கொண்டு நிற்பதே காவல்.

பருமனுக்கு மற்றொரு பயனும் உண்டு. ஒரே மூலக்கூறில் ஓரிணைய ஆல்கஹாலும் ஈரிணைய ஆல்கஹாலும் இருந்தால், பருமனான சிலைல் தொகுதி நெரிசல் குறைந்த ஓரிணைய ஆல்கஹாலையே முதலில் நாடும். வைக்கோல் ஏற்றிய வண்டி அகன்ற தெருவில் போகுமேயன்றிச் சந்துக்குள் நுழையாது. ஆகவே இரண்டில் எதைக் கட்டுவது என்று நாம் தேர்ந்துகொள்ளவும் முடிகிறது.

எது வலியது?

1972-க்குப் பிறகு இக்குடும்பம் பெருகியது. 1975-இல் கனடாவின் மாண்ட்ரியால் நகரில் ஹனேசியனும் லவாலேயும், இரண்டு மெத்தில்களுக்குப் பதிலாக இரண்டு பினைல் வளையங்களை வைத்து மூவிணைய பியூட்டைல் டைபினைல் சிலைல் காப்பை அறிமுகம் செய்தார்கள். மூன்று கைகளிலும் ஐசோபுரோப்பைல் கொண்ட டிரை ஐசோபுரோப்பைல் சிலைலும் வழக்குக்கு வந்தது.

அமிலத்தைத் தாங்கும் வலிமையை ஒப்பிட்டு நூல்களில் ஒரு வரிசை தரப்படுகிறது. டிரைமெத்தில் சிலைலின் வலிமையை 1 என்று கொண்டால், டிரைஎத்தில் சிலைலுக்கு 64. மூவிணைய பியூட்டைல் டைமெத்தில் சிலைலுக்கு 20,000. டிரை ஐசோபுரோப்பைல் சிலைலுக்கு 7,00,000. மூவிணைய பியூட்டைல் டைபினைல் சிலைலுக்கு 50,00,000. ஐம்பது இலட்சம்!

ஆனால் காரத்தைத் தாங்கும் வரிசையைப் பார்த்தால் ஒரு வியப்பு. அங்கே டிரை ஐசோபுரோப்பைல் சிலைல் 1,00,000 என்று முன்னே நிற்கிறது. அமிலத்தில் முதலிடம் பெற்ற டைபினைல் காப்போ, டைமெத்தில் காப்போடு சமமாக ஏறத்தாழ 20,000 என்று பின்தங்கிவிடுகிறது. ஏன் இந்தச் சறுக்கல்? பினைல் வளையம் எலக்ட்ரான்களைத் தன்பால் இழுக்கும். அமிலம் தாக்கும்போது முதலில் ஆக்சிஜன் ஒரு புரோட்டானை ஏற்க வேண்டும். எலக்ட்ரான் குறைந்தால் அது ஏற்கத் தயங்கும். ஆகவே காப்பு நிலைக்கும். காரத்தில் எதிர்மின் அயனி சிலிக்கானையே தாக்குகிறது. எலக்ட்ரான் குறைந்த சிலிக்கான் அதற்கு எளிய இலக்காகிவிடும். பருமன் மட்டுமே எல்லாம் அன்று. எந்தப் பகைக்கு எதிரான காவல் என்பதையும் பார்க்க வேண்டும்.

அவிழ்க்கும் கை

இவ்வளவு இறுக்கிக் கட்டியதை அவிழ்ப்பது எப்படி? இங்கேதான் சிலிக்கானின் பெரும் பலவீனம் நமக்கு உதவுகிறது. அது ஆக்சிஜனை விரும்பும் என்றேன். ஃபுளூரினை அதைவிட விரும்பும். சிலிக்கான்–ஃபுளூரின் பிணைப்பின் ஆற்றல் மோலுக்கு 550 கிலோ ஜூலுக்கும் மேல். ஃபுளூரைடு அயனி மிகச் சிறியது. பெரியவர்களின் கால்களுக்கிடையே புகுந்து பழத்தை எடுத்துவிடும் வாண்டுப் பையனைப் போல அது சந்தில் நுழைந்துவிடும். கோரியும் வெங்கடேஸ்வர்லுவும் டெட்ராபியூட்டைல் அம்மோனியம் ஃபுளூரைடைப் பயன்படுத்தி, சாதாரண வெப்பநிலையிலேயே காப்பை நீக்கிக் காட்டினார்கள். மூலக்கூறின் மற்றப் பகுதிகளைப் பெரும்பாலும் அது தொடுவதில்லை. இரண்டு பேர் சேலையைப் பிடித்து இழுப்பது போலத்தான்!

ஃபுளூரைடு என்றதும் நம் வட்டாரத்தார்க்கு வேறொன்று நினைவுக்கு வரும். நிலக்கோட்டைப் பகுதியில் பல ஊர்களின் நிலத்தடி நீரில் ஃபுளூரைடு மிகுந்திருப்பதை ஆய்வுகள் காட்டியுள்ளன. குடிநீரில் லிட்டருக்கு 1.5 மில்லிகிராமுக்கு மேல் ஃபுளூரைடு இருக்கலாகாது என்பது உலக நல நிறுவனத்தின் அறிவுரை. அளவு மீறினால் குழந்தைகளின் பற்களில் பழுப்புக் கறை படியும். நம் பல்லைக் கெடுக்கும் அதே அயனி ஆய்வகத்தில் முடிச்சவிழ்க்கும் கையாகிறது. பொருளில் நன்மை தீமை இல்லை. அளவிலும் இடத்திலுமே இருக்கிறது.

சின்னாளபட்டியில் இப்போது நூல் முடிச்சோடு மெழுகு அச்சும் உண்டு. உருகிய மெழுகை மரக்கட்டையால் துணியில் ஒற்றிச் சாயமேற்றி, பிறகு வெந்நீரில் மெழுகை நீக்குவார்கள். நூல் முடிச்சு இழுத்தால் போகும், வெந்நீருக்கு அசையாது. மெழுகு வெந்நீரில் போகும்; இழுத்தால் போகாது. ஒரே மூலக்கூறில் இரண்டு ஹைட்ராக்சில்களுக்கு இருவேறு காப்புகளை இட்டு, ஒன்றை ஃபுளூரைடாலும் மற்றொன்றை வேறு வழியாலும் தனித்தனியே நீக்குவதும் இவ்வாறே.

நான் வாயடைத்த கதை

இத்தனையும் படித்துக்கொண்டு நான் கருத்தரங்கில் பேச எழுந்தேன். பத்து நிமிடப் பேச்சு. பள்ளியில் தமிழ் வழியில் படித்தவள் ஆகையால் குறிப்புகளைத் தமிழ் எழுத்தில் எழுதி வைத்திருந்தேன். நூல்களில் முழுப்பெயர் அரிதாகவே வருகிறது, சுருக்கெழுத்துகளே வருகின்றன. நானும் சுருக்கெழுத்துகளையே எழுதிக்கொண்டேன்.

"டி.பி.எஸ். காப்பு நீர் கலந்த அசிட்டிக் அமிலத்தில் நீங்கிவிடும்" என்றேன். அடுத்த நிமிடமே, "டி.பி.எஸ். காப்பு அமிலத்தை ஐம்பது இலட்சம் மடங்கு தாங்கும்" என்றேன். பேராசிரியர் கையை உயர்த்தினார். "ஒரே காப்பு அமிலத்தில் நீங்கவும் செய்யுமா, நிலைக்கவும் செய்யுமா அம்மா? எந்த டி.பி.எஸ்.?" என்று கேட்டார். எனக்குப் பதில் தெரியவில்லை. பின்வரிசையில் யாரோ சிரித்தார்கள்.

நடந்தது இதுதான். ஆங்கில நெடுங்கணக்கின் இரண்டாம் எழுத்தும் பதினாறாம் எழுத்தும் தமிழில் 'பி' என்றே எழுதப்படுகின்றன. நான்காம் எழுத்தும் இருபதாம் எழுத்தும் 'டி' ஆகின்றன. ஒரு நூலில் நான் கண்டது பியூட்டைலின் எழுத்தை நடுவில் கொண்ட டைமெத்தில் காப்பு. மற்றொரு நூலில் கண்டது பினைலின் எழுத்தை நடுவில் கொண்ட டைபினைல் காப்பு. இரண்டும் என் நோட்டில் 'டி.பி.எஸ்.' ஆகிவிட்டன. இரண்டு ஆட்களின் வரலாற்றை ஒரே ஆளின் தலையில் கட்டிவிட்டேன்!

அன்று மாலை பேருந்தில் ஊர் திரும்பும்போது என் மனம் கனத்திருந்தது. என் தந்தை வாழைத்தார் வெட்டும் கூலித் தொழிலாளி. எங்கள் குடும்பத்தில் கல்லூரி வாசலை மிதித்த முதல் ஆள் நான். 'இதெல்லாம் ஆங்கிலத்தில் படித்தவர்களுக்கு உரியது. நமக்கு எட்டாது' என்று எண்ணினேன். படிப்பை விட்டுவிடலாமா என்றுகூட ஒரு கணம் தோன்றியது.

பெரியவர்களின் குழப்பம்

மறுநாள் பேராசிரியர் என்னை அழைத்து ஒன்றே ஒன்று சொன்னார்: "சுருக்கத்தை விட்டுவிடு. முழுப்பெயரை எழுதிப் பார்." எழுதத் தொடங்கியபோதுதான் ஓர் உண்மை தெரிந்தது. குழப்பம் என் தமிழ் நோட்டில் மட்டும் இல்லை. அறிஞர் உலகிலும் இருக்கிறது.

1972-ஆம் ஆண்டுக் காப்பை மூன்றெழுத்தில் சுருக்குவோரும் உண்டு. ஐந்தெழுத்தில் சுருக்குவோரும் உண்டு. டிரைமெத்தில் சிலைல் தொகுதிக்கும், அணுக்கரு காந்த ஒத்ததிர்வு நிறமாலையில் அளவுகோலாகச் சேர்க்கும் டெட்ராமெத்தில் சிலேனுக்கும் ஆங்கிலத்திலேயே ஒரே மூன்றெழுத்துச் சுருக்கம். இங்கே எழுத்தின்மேல் பழி போட முடியுமா?

பட்டப்பெயர்களின் கதை இதைவிடச் சுவையானது. சிலிக்கானின் மூன்று கைகளிலும் மூவிணைய பியூட்டைலை வைத்த மிகப் பருமனான தொகுதிக்கு ஜெர்மானிய அறிஞர் நில்ஸ் வைபெர்க் 'சூப்பர்சிலைல்' என்று பெயரிட்டார். மூன்று கைகளிலும் டிரைமெத்தில் சிலைல்களையே வைத்த மற்றொரு பெருந்தொகுதி 'ஹைப்பர்சிலைல்' எனப்பட்டது. ஆனால் ஜப்பானில் பிறந்த அறிஞர் ஹிசாஷி யமமோட்டோ அதே இரண்டாம் தொகுதியைச் 'சூப்பர் சிலைல்' என்கிறார். வேறு சிலர் அதையே 'சிசைல்' என்று அழைத்தார்கள். ஆக, ஒரு பெயருக்கு இரண்டு பொருள். ஒரு பொருளுக்கு மூன்று பெயர்!

எங்கள் ஊரில் அழகர் கோயில் இருப்பதால் அழகர்சாமிகளுக்குப் பஞ்சமில்லை. டெய்லர் அழகர்சாமி, மோட்டார் அழகர்சாமி, மேலத்தெரு அழகர்சாமி என்று சொன்னால்தான் தபால் சரியான வீடு சேரும். பட்டப்பெயர் ஊருக்குள் செல்லும். ஊர் தாண்டினால் தந்தை பெயரும் தெருப் பெயரும் வேண்டும். வேதியியலிலும் ஓர் ஆய்வகத்துக்குள் சுருக்கம் போதும். ஆய்வகம் தாண்டினால் முழுப்பெயர் வேண்டும்.

பெயரைப் பிரித்துப் படிப்போம்

முழுப்பெயர் நீளமாக இருக்கிறதே என்று அஞ்ச வேண்டியதில்லை. அதை வலமிருந்து இடமாகப் பிரித்தால் மூலக்கூறின் உருவமே கண்முன் நிற்கும். 'மூவிணைய பியூட்டைல் டைமெத்தில் சிலைல்' என்பதை எடுத்துக்கொள்வோம். கடைசியில் 'சிலைல்': நடுவில் ஒரு சிலிக்கான், அதன் ஒரு கை காக்கப்படும் ஆக்சிஜனுக்கு. 'டைமெத்தில்': இரண்டு கைகளில் மெத்தில். 'மூவிணைய பியூட்டைல்': மீதி ஒரு கையில் நான்கு கார்பன் கொண்ட பருத்த புதர். கணக்குத் தீர்ந்தது, நான்கு கைகளும் நிறைந்தன. 'மூவிணைய' என்ற ஒரு சொல்லை விட்டுவிட்டால் புதர் போய் மெலிந்த வால் வந்துவிடும், காவலும் தளர்ந்துவிடும். ஒரு சொல்லுக்கு எவ்வளவு மதிப்பு பாருங்கள்!

பியூட்டைலை முன்னும் மெத்திலைப் பின்னும் ஏன் சொல்கிறோம்? அகர வரிசைப்படி சொல்ல வேண்டும் என்பது பன்னாட்டு விதி. 'டை', 'டிரை' போன்ற எண்ணுச் சொற்களும் 'மூவிணைய' என்னும் அடைமொழியும் அந்த வரிசையில் கணக்கில் சேரா. நம் தமிழ் வரிசையிலும் பகரம் முன்னே, மகரம் பின்னே வருவதைக் கண்டு மகிழ்ந்தேன்!

'டிரை' என்பதற்கும் 'டிரிஸ்' என்பதற்கும் உள்ள வேறுபாடும் இவ்வாறே தெளிந்தது. மெத்தில் போன்ற எளிய தொகுதி மூன்று இருந்தால் 'டிரை'. டிரைமெத்தில் சிலைல் என்று முன்பே எண் பெற்ற கூட்டுத் தொகுதி மூன்று இருந்தால் 'டிரிஸ்'. ஆகவே ஹைப்பர்சிலைலின் முழுப்பெயர் டிரிஸ் டிரைமெத்தில்சிலைல் சிலைல். பட்டப்பெயர் அதன் பெருமையைச் சொல்கிறது. முழுப்பெயரோ அதன் உருவத்தைச் சொல்கிறது.

எங்கே பயன்?

இவை தாளில் எழுதிப் பார்க்கும் வித்தை மட்டும் அல்ல. உயிரணுக்களில் செய்தி சுமக்கும் ஆர்.என்.ஏ. மூலக்கூறில் ஒவ்வொரு சர்க்கரை அலகிலும், டி.என்.ஏ.-யில் இல்லாத ஒரு கூடுதல் ஹைட்ராக்சில் உண்டு. சங்கிலியை ஆய்வகத்தில் கோக்கும்போது அது பக்கத்துப் பாஸ்பேட்டைத் தாக்கிச் சங்கிலியையே அறுத்துவிடும். கனடா நாட்டு அறிஞர் கெல்வின் ஓகில்வி அந்த ஹைட்ராக்சிலை மூவிணைய பியூட்டைல் டைமெத்தில் சிலைலால் கட்டினார். 1988-ஆம் ஆண்டு அவரும் உடன் உழைத்தோரும் 77 அலகுகள் கொண்ட முழு ஆர்.என்.ஏ. மூலக்கூறு ஒன்றை வேதியியல் முறையில் தொகுத்துக் காட்டினார்கள். எழுபத்தேழு அலகுகளையும் கோத்து முடிக்கும் வரை முடிச்சுகள் கழலவில்லை. முடிந்தபின் அவிழ மறுக்கவும் இல்லை. சித்தி சொன்ன 'நடுவுல' என்பதன் பொருள் இதுதான்.

இன்னும் பருமனான காப்புகளைத் தேடும் பணியும் நிற்கவில்லை. 1972-ஆம் ஆண்டுக் கட்டுரையை எழுதிய அதே கோரி, 39 ஆண்டுகள் கழித்து 2011-இல், இரண்டு மூவிணைய பியூட்டைலும் ஓர் ஐசோபியூட்டைலும் கொண்ட புதிய காப்பைத் தம் குழுவினருடன் வெளியிட்டார். எண்பது வயதைத் தாண்டியும் ஒரு முடிச்சை மேலும் செம்மைப்படுத்திக்கொண்டிருந்தார் எனின் அவரது உழைப்பை என்னென்பது!

ஒன்றையும் மறக்கலாகாது. கட்டுவது ஒரு படி, அவிழ்ப்பது ஒரு படி. ஒவ்வொரு படியிலும் சிறிது பொருள் வீணாகும். நேரமும் கரைப்பானும் செலவாகும். தேவையில்லாத இடத்தில் முடிச்சுப் போடாமலிருப்பதும் திறமையே.

முடிவுரை

அரையாண்டுத் தேர்வுக்குப் பின் அதே கருத்தரங்கில் மீண்டும் பேச வாய்ப்புக் கேட்டேன். இம்முறை என் நோட்டில் ஒரு சுருக்கெழுத்துகூட இல்லை. ஒவ்வொரு பெயரையும் கரும்பலகையில் முழுமையாகத் தமிழில் எழுதிப் பிரித்துக் காட்டினேன். "எந்தக் காப்பு?" என்று யாரும் கேட்கத் தேவை வரவில்லை. தமிழில் எழுதியது என் தடுமாற்றத்துக்குக் காரணம் என்று எண்ணியிருந்தேன். தமிழில் முழுமையாக எழுதியதே அதற்கு மருந்தாயிற்று.

விடுமுறையில் சின்னாளபட்டி சென்று சித்தியிடம் இவற்றையெல்லாம் சொன்னேன். நூலைச் சுற்றியபடியே கேட்டுக்கொண்டிருந்தவர், "அப்ப நீயும் முடிச்சுப் போடத்தான் படிக்கிறியா?" என்றார். ஆம் என்றேன்.

கிராமத்திலிருந்து வரும் தோழியரே, தோழர்களே! நீண்ட பெயர்களைக் கண்டு அஞ்சாதீர்கள். அவை நம்மை விரட்டும் காவலர்கள் அல்ல. பிரித்துப் படித்தால் ஒவ்வொன்றும் தன் உருவத்தைத் தானே சொல்லும். தெரியாததைச் சுருக்கெழுத்துக்குள் மறைக்காமல், விரித்து எழுதிக் கேட்போம், கற்போம்.

வளர்க அறிவியல்! வாழ்க தமிழ்!